ரகசியக் கோப்பை அழித்தாலும் பில் மிச்சமிருக்கும்: உளவு நடவடிக்கைகளின் வரலாற்றைத் தேடிப் படிப்பது எப்படி

பகலில் நான் கணக்குத் தணிக்கை செய்பவள். இரவில், வீட்டில் எல்லோரும் தூங்கிய பிறகு, பழைய உளவுத்துறைக் காகிதங்களைப் படிப்பவள். பதினான்கு வருடமாக இப்படித்தான் ஓடுகிறது. இரண்டுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பவர்களுக்கு, 1977-இல் கிடைத்த சில பெட்டிகளின் கதையைச் சொல்வேன்.

மருந்து கொடுத்தும் வேறு வழிகளிலும் மனித மனத்தை வசப்படுத்த முடியுமா என்று அமெரிக்காவின் உளவுத்துறையான சிஐஏ 1950களில் ரகசியச் சோதனைகளைத் தொடங்கியது. எம்கே-அல்ட்ரா என்று அதற்குப் பெயர். தங்களுக்கு எல்எஸ்டி என்ற போதை மருந்து கொடுக்கப்படுவது தெரியாமலேயே அதைக் குடித்தவர்கள் உண்டு. 1973-இல் இயக்குநர் பதவியிலிருந்து விலகும் தறுவாயில் ரிச்சர்ட் ஹெல்ம்ஸ் அந்தக் கோப்புகளை அழிக்கச் சொன்னார். அழித்தார்கள். 1975-இல் செனட் விசாரணைக் குழு கேட்டபோது கையில் கொடுக்க அதிகம் மிஞ்சவில்லை. இரண்டு வருடம் கழித்து, தகவல் கேட்டு வந்த ஒரு மனுவுக்காகப் பழைய கோப்புக் கிடங்கைத் துழாவிய ஊழியர் ஒருவர், பட்ஜெட்-நிதிப் பிரிவின் பெயரில் கிடந்த பெட்டிகளைத் திறந்தார். உள்ளே இருந்தவை பணம் ஒதுக்கிய ஒப்புதல்கள், பில்கள், செலவுக் கணக்குகள். அழிக்கச் சொன்னவர்களுக்கு லெட்ஜர் ஞாபகம் வரவில்லை.

அந்தக் கணக்குகளை வைத்துத்தான் 149 துணைத் திட்டங்கள் இருந்தன என்பது தெரிந்தது. 80 நிறுவனங்கள் சம்பந்தப்பட்டிருந்தன. அவற்றில் 44 கல்லூரிகளும் பல்கலைக்கழகங்களும், 12 மருத்துவமனைகளும் கிளினிக்குகளும், 3 சிறைச்சாலைகள். 1977 ஆகஸ்டில் புதிய இயக்குநர் ஸ்டான்ஸ்ஃபீல்ட் டர்னர் செனட்டில் சொன்ன கணக்கு இது.

நான் வேலை செய்யும் முறை முழுவதும் அந்தப் பெட்டிகளிலிருந்து கற்றதுதான். எவ்வளவு ரகசியமான நடவடிக்கையானாலும் யாருக்காவது சம்பளம் போட வேண்டும், விமானம் அமர்த்த வேண்டும், தந்தி அடிக்க வேண்டும், மேலதிகாரியிடம் கையெழுத்து வாங்க வேண்டும். ஒவ்வொன்றுக்கும் ஒரு காகிதம் பிறக்கும். முக்கியமான கோப்பைப் பூட்டி வைக்கிறவர்களால் இந்தச் சில்லறைக் காகிதங்களை ஊர் ஊராகப் போய்ப் பொறுக்கிக்கொண்டிருக்க முடியாது. நாம் பொறுக்கலாம்.

ஒரே ஒரு வாரத்தை எடுங்கள்

புதிதாக வருபவர்கள் "உளவுத்துறைகளின் வரலாறு" என்று தேட ஆரம்பித்து, ஒரு மாதத்தில் களைத்துப்போய் விட்டுவிடுகிறார்கள். ஒரு சம்பவத்தை எடுங்கள். முடிந்தால் ஒரே வாரத்தை. அதுவும் ஏதாவது ஒரு அரசு ஏற்கெனவே ஒப்புக்கொண்ட சம்பவமாக இருக்கட்டும். கணக்குப் பழகும்போது பின்பக்கத்தில் விடை இருக்கும் புத்தகத்தை வைத்துக்கொள்வதில்லையா, அது மாதிரி.

நான் எடுத்தது 1953 ஆகஸ்ட், ஈரானின் தலைநகர் தெஹ்ரான். எண்ணெய்த் தொழிலை நாட்டுடைமையாக்கிய பிரதமர் முகமது மொசாடெக்கைக் கவிழ்க்க பிரிட்டனும் அமெரிக்காவும் சேர்ந்து செய்த வேலை. அமெரிக்கர்கள் வைத்த பெயர் டிபிஅஜாக்ஸ், பிரிட்டிஷ்காரர்கள் வைத்த பெயர் பூட். 15-ஆம் தேதி இரவு தொடங்கிய முதல் முயற்சி தோற்றது. ஈரான் மன்னர் ஷா பாக்தாத் வழியாக ரோமுக்குப் போய்விட்டார். 19-ஆம் தேதி எல்லாம் தலைகீழாக மாறி மொசாடெக் அரசு விழுந்தது. ஐந்தே நாள். அந்த ஐந்து நாளுக்கு நான் ஒரு நீளத் தாளை ஒட்டி, மணிவாரியாகக் கட்டம் போட்டிருக்கிறேன். பல வருடமாக அதை நிரப்பிக்கொண்டிருக்கிறேன்.

கட்டம் போடுவதை அலட்சியம் செய்யாதீர்கள். எதற்குப் பின் எது நடந்தது என்று தெரியாதவரை, எதனால் எது நடந்தது என்று வாயைத் திறக்கவே கூடாது.

எந்தக் காகிதம் எந்த வருடம் வெளியே வந்தது?

அமெரிக்க வெளியுறவுத் துறை தன் ஆவணங்களைத் தொகுதி தொகுதியாக 1861 முதல் வெளியிட்டு வருகிறது. இணையத்தில் இலவசமாகப் படிக்கலாம். தொடங்க இதைவிட நல்ல இடம் இல்லை. ஆனால் ஈரானின் அந்த வருடங்களுக்கான தொகுதி 1989-இல் வந்தபோது, கவிழ்ப்பில் சிஐஏவுக்கோ பிரிட்டனுக்கோ பங்கிருந்தது என்று அதில் ஒரு வரிகூட இல்லை. வரலாற்றாசிரியர்கள் கொதித்துப்போனார்கள். அந்தத் தொகுதிகளுக்கான ஆலோசனைக் குழுவின் தலைவராக இருந்த வாரன் கோஹன் 1990-இல் விலகினார். அதையடுத்து 1991-இல் ஒரு சட்டமே வந்தது: தொகுதிகள் முழுமையாகவும் நம்பகமாகவும் இருக்க வேண்டும், 30 ஆண்டுக்குள் வெளிவர வேண்டும் என்று. 2000-இல், சிஐஏவுக்காக டொனால்ட் வில்பர் 1954-இல் எழுதிய உள்வரலாறு கசிந்து நியூயார்க் டைம்ஸில் வெளியானது. கவிழ்ப்பைத் தாங்களே நடத்தியதாகச் சொல்லும் சிஐஏவின் உள் ஆவணம் 2013-இல் முறைப்படி வெளிவந்தது. 1989-இல் விட்டுப்போனதை ஈடுகட்டும் புதிய தொகுதி 2017-இல்தான் வந்தது.

ஒரே ஐந்து நாளுக்கு இத்தனை அடுக்கு. 1995-இல் ஒருவர் எழுதிய புத்தகம் எவ்வளவு நன்றாக இருந்தாலும், அவர் கண்ணில் படாத காகிதங்கள் இன்று நம் கையில் இருக்கின்றன. அதனால் நான் குறிப்பெடுக்கும் ஒவ்வொரு தாளின் இடது மூலையிலும் சிவப்பு மையில் ஒரு வருடம் எழுதுவேன்: அந்த ஆவணம் எழுதப்பட்ட வருடம் இல்லை, வெளியே வந்த வருடம். இரண்டு பேர் இரண்டு விதமாகச் சொன்னால், பாதி நேரம் அந்தச் சிவப்பு எண்ணே பதில் சொல்லிவிடும்.

அடுத்து நாடாளுமன்ற விசாரணை அறிக்கைகள். 1975-76இல் செனட்டர் ஃபிராங்க் சர்ச் தலைமையிலான குழு வெளியிட்டவை, காங்கோ பிரதமர் லுமும்பாவின் கொலை பற்றி பெல்ஜிய நாடாளுமன்றக் குழு 2001-இல் கொடுத்தது போன்றவை. இவற்றை அடிக்குறிப்பிலிருந்து படியுங்கள். மேலே இருப்பது அரசியல்வாதிகள் கூடி ஒப்புக்கொண்ட வாசகம். கீழே இருப்பது எந்தத் தேதியில் யார் யாருக்கு என்ன எழுதினார்கள் என்ற பட்டியல். அந்தப் பட்டியல்தான் உங்கள் தேடல் விண்ணப்பம்.

சிஐஏ வெளியிட்ட பழைய ஆவணங்களில் 1.2 கோடிப் பக்கங்களுக்கு மேல் 2017 ஜனவரியில் இணையத்துக்கு வந்தன. அதற்கு முன் அவற்றைப் பார்க்க மேரிலாந்தின் காலேஜ் பார்க்கில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்துக்குப் போய், அங்கிருந்த நான்கு கணினிகளில் ஒன்றின் முன் உட்கார வேண்டும். இன்று வீட்டிலிருந்தே தேடலாம். ஆனால் அங்கே தேடுவது கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு செய்ய வேண்டிய வேலை. மங்கிய தட்டச்சை இயந்திரம் படித்த எழுத்துகள் பல இடங்களில் பிழையாக இருக்கும். ஒரே மொசாடெக்கை ஆங்கிலத்தில் நான்கைந்து விதமாக எழுதியிருப்பார்கள்: ஒரு இடத்தில் ஒரு எஸ், இன்னொன்றில் இரண்டு, முடிவில் கியூ, அல்லது ஜிஎச். எல்லா எழுத்துக்கூட்டலையும் ஒரு தாளில் எழுதி வைத்து ஒவ்வொன்றாகத் தேடுங்கள். பெயரில் கிடைக்காவிட்டால் தேதியில் தேடுங்கள்.

பிரிட்டனில், லண்டனின் கியூ பகுதியில் உள்ள தேசியக் காப்பகம். கேவி என்று தொடங்கும் வரிசை உள்நாட்டு உளவுத்துறையான எம்ஐ5-இன் கோப்புகள். எச்எஸ் என்பது இரண்டாம் உலகப்போரில் எதிரி மண்ணில் நாசவேலை நடத்திய எஸ்ஓஇ அமைப்பு. எஃப்ஓ 371 வெளியுறவுத் துறையின் கடிதப் போக்குவரத்து. வெளிநாட்டு உளவுத்துறையான எம்ஐ6 தன் கோப்புகளை இங்கே ஒப்படைப்பதில்லை. ஆனால் அதுவும் மற்றத் துறைகளுக்குக் கடிதம் எழுதித்தானே ஆக வேண்டும்? அந்தக் கடிதத்துக்கு வந்த பதில், பதிலின் நகல், நகலின் ஓரத்தில் யாரோ கிறுக்கிய குறிப்பு, இப்படி எஃப்ஓ 371-இல் அகப்படும். சில கோப்புகளில் பக்கத்தை உருவிக்கொண்டு, சட்டப்பிரிவைச் சொல்லி ஒரு சீட்டு வைத்திருப்பார்கள். அந்தச் சீட்டையும் குறித்துக்கொள்ளுங்கள். இந்தத் தேதியில் இங்கே ஏதோ இருந்தது என்பதற்கு அரசாங்கமே கொடுத்த ரசீது அது.

ரசீது என்றதும் அதே காப்பகத்தின் எஃப்சிஓ 141 வரிசையைச் சொல்லாமல் இருக்க முடியாது. காலனிகளை விட்டுக் கிளம்பும்போது பிரிட்டிஷ் நிர்வாகம் பல கோப்புகளை எரித்தது, பலவற்றைக் கப்பலேற்றியது. கொண்டுவந்தவை ஹான்ஸ்லோப் பார்க் என்ற இடத்தில் பல பத்தாண்டு சத்தமில்லாமல் கிடந்தன. பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்த மாவ் மாவ் போராட்ட காலத்தில் சித்திரவதைக்கு ஆளான கென்ய முதியவர்கள் தொடுத்த வழக்கால்தான் 2011-இல் அவை இருப்பதே வெளியே தெரிந்தது. 37 முன்னாள் காலனிகளின் கோப்புகள். எதை எப்போது அழித்தோம் என்று எழுதிக் கையெழுத்திட்ட சான்றிதழ்களும் அவற்றில் இருக்கின்றன. கோப்பு சாம்பலாகிவிட்டது, அதன் தலைப்பு தப்பித்துவிட்டது. தலைப்பு கிடைத்தால் அடுத்த துறையில் நகல் தேடலாம்.

ஒரு பக்கத்தைப் படிக்கும் முறை

ஒரு தந்தியை எடுத்தால் நான் உள்ளடக்கத்தைக் கடைசியில்தான் படிப்பேன். முதலில் சுற்றியிருப்பவை. யாருக்கெல்லாம் நகல் போனது? கருவூலத்துக்கு ஒரு நகல் போயிருந்தால் அங்கேயும் ஒரு கோப்பு இருக்கிறது என்று அர்த்தம், அங்கே வரிகளை அடித்து மறைப்பவரின் கை வேறு, மை வேறு. கோப்பு எண் என்ன? அதற்கு முந்தைய எண்ணும் பிந்தைய எண்ணும் எங்கே? ஓரத்தில் கையால் எழுதிய சுருக்கொப்பம் யாருடையது?

பிறகு நேரம். இதில் நான் ஒரு முறை பெரிய தவறு செய்தேன். அந்தக் காலத்துத் தூதரகத் தந்திகளில் அனுப்பிய ஊரின் நேரம் இருக்கும்: தெஹ்ரான், மதியம் ஒரு மணி என்பது போல. உளவுத்துறை, ராணுவத் தந்திகளில் ஆறு இலக்க எண்ணும் பின்னால் இசட் என்ற எழுத்தும் வரும். முதல் இரண்டு இலக்கம் தேதி, அடுத்த நான்கு நேரம். அந்த நேரம் கிரீன்விச் நேரம். தெஹ்ரான் அதைவிட மூன்றரை மணி நேரம் முன்னால் ஓடுகிறது. வாஷிங்டன் நான்கைந்து மணி நேரம் பின்னால். இது தெரியாமல் எல்லாவற்றையும் ஒரே கட்டத்தில் ஏற்றிவிட்டேன். 18-ஆம் தேதி, முயற்சி தோற்றுவிட்டது, கள அதிகாரிகளிடமிருந்து பலமான மறுப்பு வராவிட்டால் நடவடிக்கையை நிறுத்துங்கள் என்று தலைமையகம் அனுப்பிய செய்தி ஒன்று இருக்கிறது. மறுநாளே கவிழ்ப்பு நடந்தது. அந்தச் செய்தி எந்த மணிக்கு எழுதப்பட்டது, எந்த மணிக்குப் படிக்கப்பட்டது என்பதில்தான் கதையின் முடிச்சே இருக்கிறது. நானோ மூன்றரை மணி நேரம் தவறிய ஒரு கட்டத்தை வைத்து யார் யார் பேச்சைக் கேட்கவில்லை என்று எட்டுப் பக்கம் எழுதி முடித்திருந்தேன். எல்லாவற்றையும் கிழித்தேன். இப்போது என் தாளில் ஒவ்வொரு வரிக்கும் மூன்று நேரம்: அனுப்பிய ஊர், கிரீன்விச், பெற்ற ஊர்.

புனைபெயர்களும் பழக்கத்தில் பிடிபடும். சிஐஏவின் மறைபெயர்களில் முதல் இரண்டு எழுத்து இடத்தையோ பிரிவையோ சொல்லும். ஏஎம் என்று தொடங்கினால் கியூபா, எல்ஐ என்றால் மெக்சிகோ. குபார்க் என்பது சிஐஏ தன்னையே சொல்லிக்கொள்ளும் பெயர். ஓடியோக் அமெரிக்க அரசு, ஓடென்வி எஃப்பிஐ. இவற்றை அகராதி போல ஒரு நோட்டில் சேர்த்து வாருங்கள். ஒரு பெயருக்குப் பொருள் ஊகித்தால் பென்சிலில் எழுதுங்கள். ஆவணமே சொன்னால் பேனாவில்.

கறுப்பு மை

அடித்து மறைத்த வரிகளைப் பார்த்ததும் பலர் கோபப்பட்டு மூடிவிடுகிறார்கள். அதே ஆவணம் வேறொரு வருடம், வேறொரு துறையிலிருந்து வெளிவந்திருக்கிறதா என்று தேடுங்கள். மறைப்பவர் ஒவ்வொரு முறையும் வேறு ஆள். ஒருவர் பெயரை அடித்து ஊரை விட்டிருப்பார். இன்னொருவர் ஊரை அடித்துப் பெயரை விட்டிருப்பார். இரண்டையும் பக்கத்தில் வைத்தால் வாக்கியம் முழுமையாகும்.

2004-இல் டேவிட் நக்காஷ், கிளேர் வீலன் என்ற இருவர் இன்னும் ஒரு படி போனார்கள். 2001 ஆகஸ்ட் 6 அன்று அமெரிக்க அதிபருக்குக் கொடுத்த குறிப்பில் ஒரு சொல் மறைக்கப்பட்டிருந்தது. எழுத்துரு எது என்று கண்டுபிடித்து, மறைந்த இடத்தின் அகலத்தை அளந்து, அகராதியில் அந்த அகலத்துக்குள் வரும் சொற்களை மட்டும் பொறுக்கி, வாக்கியத்துக்குப் பொருந்தாதவற்றைக் கழித்தார்கள். "எகிப்திய" என்ற சொல் மிஞ்சியது. அழகான வேலை. ஆனால் நீங்கள் இப்படி ஏதாவது செய்தால், ஊகம் என்ற சொல்லை அதே வரியில் எழுதுங்கள், அடிக்குறிப்பில் ஒளிக்காதீர்கள்.

இன்னொன்றையும் மனதில் வையுங்கள். வில்பரின் உள்வரலாறு 2000-இல் இணையத்தில் ஏறியபோது ஈரானியர்களின் பெயர்கள் மேல் பூசிய கறுப்பு சரியாக ஒட்டவில்லை. கணினி தெரிந்தவர்கள் விலக்கிப் படித்துவிட்டார்கள். அந்தப் பெயர்களுக்குரியவர்களின் குடும்பங்கள் அப்போது உயிரோடு இருந்தன. என்னால் படிக்க முடிகிறது என்பதற்காகவே எழுதிவிட வேண்டும் என்று இல்லை. உயிரோடு இருப்பவர்களின் பெயர், அவர்களுடைய பிள்ளைகளின் பெயர் என் நோட்டைத் தாண்டி வெளியே போனதில்லை.

எதிர்த் தரப்பின் காகிதம்

ஒரு கை தட்டினால் ஓசை வராது. பெர்லினில் சோவியத் தொலைபேசிக் கம்பிகளை ஒட்டுக்கேட்க அமெரிக்காவும் பிரிட்டனும் பூமிக்கடியில் சுரங்கம் தோண்டின. 1955 மே முதல் 1956 ஏப்ரல் 22 வரை ஒட்டுக்கேட்டன. இந்தத் தரப்பின் காகிதங்களை மட்டும் படித்தால் அது மாபெரும் வெற்றி. ஆனால் லண்டனில் திட்டம் போட்ட கூட்டத்தில் குறிப்பெடுத்துக்கொண்டிருந்த ஜார்ஜ் பிளேக் சோவியத் உளவாளி. மண்வெட்டி விழும் முன்பே மாஸ்கோவுக்குத் தெரியும். பிளேக்கைக் காப்பாற்றுவதற்காக வாய் திறக்காமல் இருந்தார்கள். எந்த அமைப்பின் ஆவணமும் அந்த அமைப்பு நம்பியதைத்தான் சொல்லும்.

கிழக்கு ஜெர்மனியின் ரகசியக் காவல்துறையான ஸ்டாசி விட்டுப்போன கோப்புகளை வரிசையாக வைத்தால் 111 கிலோமீட்டர். கையால் கிழித்துப் போட்டவை மட்டும் சுமார் 16,000 மூட்டை. அவற்றை ஒட்டவைக்கும் வேலை 1995 முதல் நடந்தது. பராகுவேயில் 1992 டிசம்பரில் ஒரு காவல் நிலையத்திலிருந்து கிடைத்த காகிதங்கள்தான், தென் அமெரிக்க ராணுவ ஆட்சிகள் தங்கள் எதிர்ப்பாளர்களை ஒழிக்கச் சேர்ந்து நடத்திய காண்டோர் நடவடிக்கைக்கு உள்ளிருந்து வந்த சாட்சி. தேடி எடுத்தவர் மார்ட்டின் அல்மாடா. அவரே அந்த ஆட்சியில் சித்திரவதைப்பட்டவர். அதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சடைக்கும்.

போலிகளிடம் கவனமாக இருங்கள். எய்ட்ஸ் கிருமியை அமெரிக்க ராணுவ ஆய்வகம் உருவாக்கியது என்ற பொய் 1983 ஜூலையில் டெல்லியிலிருந்து வந்த பேட்ரியட் நாளிதழில், பெயர் சொல்லாத ஒரு விஞ்ஞானியின் கடிதமாக வந்தது. 1985-இல் சோவியத் பத்திரிகை ஒன்று அந்தக் கடிதத்தை ஆதாரமாகக் காட்டி எழுத, அங்கிருந்து உலகமெங்கும் பரவியது. விதைத்ததும் அறுவடை செய்ததும் சோவியத் உளவுத்துறையான கேஜிபிதான். இருபது இடத்தில் ஒரே செய்தி இருந்தால் இருபது ஆதாரம் என்று எண்ணாதீர்கள். நூல் பிடித்துப் பின்னோக்கிப் போங்கள். எல்லாம் ஒரே பெயரில்லாத கடிதத்தில் போய் முடிந்தால் அது ஒரு ஆதாரம்கூட இல்லை.

நினைவுக் குறிப்புகளைக் கடைசியில் படியுங்கள். 1953 நடவடிக்கையைக் களத்தில் நடத்திய கெர்மிட் ரூஸ்வெல்ட் 1979-இல் எழுதியதில், பிரிட்டிஷ் உளவுத்துறை இருக்க வேண்டிய இடத்தில் எண்ணெய் நிறுவனத்தின் பெயரைப் போட்டிருந்தார்.

மனுப் போடுவது

அமெரிக்கத் தகவல் சட்டத்தின் கீழ் எந்த நாட்டவரும் மனுப் போடலாம். "இந்த நடவடிக்கை பற்றிய எல்லா ஆவணங்களும்" என்று கேட்காதீர்கள். வருடக்கணக்கில் கிடப்பில் கிடக்கும். இன்ன தேதி, இன்னாரிடமிருந்து இன்னாருக்கு, இன்ன எண், இன்ன அறிக்கையின் அடிக்குறிப்பில் குறிப்பிடப்பட்டது என்று கேளுங்கள். கட்டணம் எவ்வளவு வரை தருவீர்கள் என்றும் எழுதிவிடுங்கள். 1984-இல் வந்த ஒரு சட்டம், சிஐஏ தன் நடவடிக்கைக் கோப்புகள் பலவற்றைத் தேடவே வேண்டியதில்லை என்கிறது. அதனால் அந்தக் கதவில் முட்டிக்கொண்டு நிற்காமல், அந்தச் செயலுக்குப் பணமோ விமானமோ விசாவோ கொடுத்த மற்றத் துறையிடம் கேளுங்கள்.

"அப்படி ஒரு ஆவணம் இருக்கிறது என்றும் சொல்ல மாட்டோம், இல்லை என்றும் சொல்ல மாட்டோம்" என்று ஒரு பதில் வரலாம். இதற்கு குளோமர் பதில் என்று பெயர். மூழ்கிய சோவியத் நீர்மூழ்கியைக் கடலடியிலிருந்து தூக்கப்போன குளோமர் எக்ஸ்புளோரர் கப்பலைப் பற்றிக் கேட்டபோது 1970களின் நடுவில் பிறந்த வாசகம். மேல்முறையீட்டுக்கு 90 நாள் உண்டு, விடாதீர்கள். ஆவணம் எது என்று துல்லியமாகத் தெரிந்தால், மனுவுக்குப் பதிலாக மறைநீக்க மறுபரிசீலனை கேட்கும் தனி வழியும் இருக்கிறது. அதில் கடைசிப் படி, பல துறையினர் சேர்ந்த ஒரு மேல்முறையீட்டுக் குழு. ஒரே தாளுக்கு இரண்டு வழியையும் ஒரே நேரத்தில் பிடிக்க முடியாது. குறிப்பிட்ட ஒற்றைத் தாள் என்றால் நான் இரண்டாவதைத்தான் தேர்ந்தெடுக்கிறேன்.

உறை வந்ததும் நேராக உள்ளடக்கத்துக்குப் பாயாதீர்கள். மறைத்த ஒவ்வொரு இடத்திலும் ஒரு குறியீடு இருக்கும்: பி-1 என்றால் தேசப் பாதுகாப்பு, பி-3 என்றால் வேறொரு சட்டம் தடுக்கிறது, பி-6 என்றால் ஒருவரின் அந்தரங்கம். பி-6 போட்ட இடத்தில் ஒளிந்திருப்பது பெரும்பாலும் ஒரு பெயர். அதை விட்டுவிட்டு மற்ற இரண்டையும் எண்ணுங்கள், பக்கம் போட்டு எழுதுங்கள், அடுத்த மேல்முறையீட்டை அங்கிருந்து எழுதுங்கள். என் நீளத் தாளில் ஆகஸ்ட் 17-ஆம் தேதிப் பகல் இன்னும் பாதி வெறுமையாக இருக்கிறது. அந்தப் பகலுக்காக ஒரு துறையிடம் கேட்டது ஒரு பயணப்படிக் கணக்கு, ஒரே ஒரு பக்கம். மூன்றாவது முறையாக மேல்முறையீடு போட்டிருக்கிறேன்.